வாய்விட்டுப் படிக்க வேண்டாம்

புனோம் பென்,
பிப்ரவரி 6

மாமாவுக்கு,

போனை எடுக்கமாட்டேன் என்கிறீர்கள். அம்மாவைக் கேட்டால் "வண்டிக்கு அடியில படுத்திருக்காரு" என்கிறாள். ஒரு மனிதர் ஞாயிற்றுக்கிழமையிலிருந்து வண்டிக்கு அடியிலேயே படுத்திருக்கிறார் என்றால் அந்த வண்டியை விற்றுவிடலாம். அதனால்தான் கடிதம் எழுதுகிறேன். கம்போட் வேன்காரர் உங்கள் கையில்தான் கொடுப்பார், வேறு யாரிடமும் கொடுக்கக் கூடாது என்று சொல்லியிருக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை செய்த காரியத்துக்கு என்ன சொல்லப் போகிறீர்கள்? விரக்கின் அப்பாவும் அம்மாவும் பெண் பார்க்கத்தான் அவ்வளவு தூரம் வந்தார்கள். பகலெல்லாம் உப்பளம், குகைக்கோயில், மிளகுத் தோட்டம், கெப் கடற்கரை என்று சுற்றிக் காட்டிவிட்டு, சாயங்காலம் நம் வீட்டில் உட்கார்ந்து பேசுவது என்று ஏற்பாடு. நீங்கள் வெளிநாட்டுக்காரர்களை அழைத்துப் போகிற அதே வழி, அதே கேம்ரி. வேறு வண்டி வைத்துக்கொள்ளலாம் என்றேன். நீங்கள்தான் "நான் இருக்கும்போது எவனோ எதுக்கு ஓட்டணும்?" என்றீர்கள். கடைசியில் எங்களை வாசலில் இறக்கிவிட்டு, "ஐஸ் வாங்கிட்டு வரேன்" என்று போனவர் திரும்பவே இல்லை. அம்மா அவர்களுக்குச் சேமியாவும் மீன் குழம்பும் பரிமாறிக்கொண்டே வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பெண்ணைப் பெற்றவர் முகத்தைப் பார்க்காமலே அவர்கள் கிளம்பிப் போனார்கள்.

அது போதாதென்று நேற்று விரக் வந்து சொல்கிறான், அவன் அம்மாவுக்கு இந்தச் சம்பந்தத்தில் மனமில்லையாம். காரணம் கேட்டேன். டிரைவர் சொன்னாராம்: "பொண்ணோட அப்பனாங்க? சொல்லிக்கிற மாதிரி ஒண்ணுமில்லீங்க. கள்ளு குடிப்பான். கோபம் வந்தா கண்ணு மண்ணு தெரியாது."

டிரைவர்! நான் பிறந்த நாளிலிருந்து உங்களை மாமா என்று கூப்பிட வைத்திருக்கிறீர்கள். அன்றைக்கும் அப்படித்தான் கூப்பிட்டேன். அதைக் கேட்டு அவர்கள் உங்களை யாரோ தூரத்து மாமா, வாடகைக்கு வண்டி ஓட்டுகிறவர் என்று நினைத்துக்கொண்டார்கள். 'நான்தான் அந்த அப்பன்' என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா? சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்கிறவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறேன். மகளின் கல்யாணச் செலவில் வைத்துக்கொண்டவரை இப்போதுதான் பார்க்கிறேன்.

நானும்தான் வாயைத் திறக்கவில்லை. அதைப் பற்றி இன்றைக்கு எழுத முடியவில்லை.

மொலிகா


கம்போட்,
பிப்ரவரி 9

மொலிகா,

வண்டிக்கு அடியில் படுத்திருந்தது உண்மை. சைலன்சர் உண்மையாகவே தொங்குகிறது. உப்பளத்து வரப்பில் விரக்கின் அப்பா "இன்னும் கொஞ்சம் கிட்ட போங்க, போட்டோ நல்லா வரும்" என்று சொல்லிச் சொல்லியே அதைக் கல்லில் இடிக்க வைத்தார். நல்ல மனிதர். மிளகுத் தோட்டத்தில் பச்சை மிளகை ஒரு கொத்தாக வாயில் போட்டு மென்று, கண்ணில் தண்ணீர் வழிய வழிய "காரமே இல்லையே" என்றார். எனக்கு அவரைப் பிடித்துப் போயிற்று.

நடந்தது இதுதான். குகைக்கோயில் படிக்கட்டில் நீங்கள் மூவரும் ஏறிப் போனீர்கள். அந்த அம்மாளுக்கு முழங்கால் வலி, கீழேயே உட்கார்ந்துவிட்டார். கரும்புச்சாறு வாங்கிக் கொடுத்தேன். குடித்துக்கொண்டே கேட்டார்.

"இந்தப் பொண்ணு உங்களுக்கு என்ன வேணும்?"

"தெரிஞ்ச பொண்ணுதாங்க. சின்னதிலேர்ந்து பார்க்கிறேன்."

"எப்படி? நல்ல பொண்ணா?"

மொலிகா, நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. ஆனால் இடத்தைப் பார். குகை வாசல். எது எது காதை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்குமோ! அழகான குழந்தையைப் பார்த்தால்கூட நம்மவர்கள் "அசிங்கமா இருக்கே" என்றுதானே சொல்கிறோம்? அதனால் "சுமாருங்க" என்றேன். அவர் சிரித்தார். அடுத்து அப்பனைப் பற்றிக் கேட்டார். அவனையும் ஒசத்திச் சொன்னால் ஆபத்து. ஒன்றுக்கும் உதவாதவன், பெண்ணை ஏறெடுத்தும் பார்க்கமாட்டான் என்று ஆரம்பித்தேன். சொல்லச் சொல்ல எனக்கே அவன்மேல் கோபம் வந்துவிட்டது. கள்ளு அப்படித்தான் உள்ளே வந்தது.

கெப்பில் நடந்ததை நினைத்து நீ வருத்தப்படுகிறாய் என்று அம்மா சொல்கிறாள். தேவையில்லை. டிரைவர்களுக்கு நண்டுக் கடையின் பின்பக்கத்தில்தான் இலவசச் சாப்பாடு, அது அந்தக் கடற்கரை வழக்கம். "நீங்களும் போயி சாப்பிடுங்க" என்று அந்த அம்மாள் மரியாதையாகத்தான் சொன்னார். மற்ற டிரைவர்களோடு உட்கார்ந்து சாப்பிட்டேன். முன்பக்கத்திலிருந்து நண்டு உடைக்கிற சத்தம் கேட்டது. உனக்கு நண்டு உடைக்க வராதே, யார் உடைத்துக் கொடுக்கிறார்கள் என்று யோசித்தேன். வேறொன்றும் யோசிக்கவில்லை.

ஐஸ் வாங்கினேன். பாலத்துக்குப் பக்கத்தில் வண்டியை நிறுத்திக் கொஞ்ச நேரம் உட்கார்ந்தேன். அது உருகிவிட்டது.

அந்த அம்மாளிடம் டிரைவர் பொய் சொல்லிவிட்டான் என்று சொல்லிவிடு. டிரைவர்கள் பொய் சொல்வார்கள் என்பது தெரிந்ததுதானே. காய்ந்த கணவாய் கொடுத்தனுப்பியிருக்கிறேன், விரக்குக்கும் கொடு.

மாமா


புனோம் பென்,
பிப்ரவரி 13

மாமாவுக்கு,

கணவாயை எடுத்துக்கொண்டு நானே அவர்கள் வீட்டுக்குப் போனேன். உள்ளதை உள்ளபடி சொன்னேன். விரக்கின் அம்மா வாயைப் பொத்திக்கொண்டார். "ஐயோ, சம்பந்தியையா பின்னால போயி சாப்பிடச் சொன்னேன்?" என்று பல தடவை சொன்னார். பிறகு சிரிக்க ஆரம்பித்தவர் நிறுத்தவே இல்லை. "தன்னைப் பத்தித் தானே இவ்வளவு கேவலமா பேசற மனுஷன் கிடைப்பானா? இந்தச் சம்பந்தம்தான் வேணும்" என்றார். விரக்கின் அப்பாவுக்கு உங்கள்மேல் ஒரே ஒரு வருத்தம். மிளகு காரம் என்று முன்கூட்டியே சொல்லவில்லையாம். மார்ச் பதினாறு நல்ல நாள் என்று குறித்திருக்கிறார்கள். கல்யாணம் நம் வீட்டில்தான்.

இப்போது அன்றைக்கு எழுத முடியாமல் விட்டதை எழுதுகிறேன். கெப்பில் நீங்கள் எழுந்து பின்பக்கம் போனபோதுதான் அவர்கள் என்ன நினைத்துக்கொண்டிருக்கிறார்கள் என்று எனக்குப் புரிந்தது. உடனே எழுந்து நின்றேன். 'அது மாமா இல்ல, என்...' அதற்கு மேல் வரவில்லை. உங்கள் காதுபட அந்த ஒரு வார்த்தையைச் சொல்லக் கூடாது என்று என்னைப் பேசப் பழக்கும்போதே பழக்கிவிட்டீர்கள். வார்த்தைக்குப் பதில் இருமல்தான் வந்தது. "புரை ஏறிடுச்சா?" என்று விரக் தண்ணீர் கொடுத்தான். நான் உட்கார்ந்துவிட்டேன். என் நண்டை யாரும் உடைத்துக் கொடுக்கவில்லை. அப்படியே தட்டில் வைத்துவிட்டேன்.

இன்னொன்றும் கேட்க வேண்டும். இரண்டாம் வகுப்பு படிக்கும்போது டெங்குக் காய்ச்சலில் கிடந்தேனே, நினைவிருக்கிறதா? மத்தியான வெயிலில் நீங்கள் என் நெற்றியில் ஈரத்துணி போட்டுக்கொண்டிருந்தீர்கள். காய்ச்சல் வேகத்தில் நான் அந்த வார்த்தையைச் சொல்லிக் கூப்பிட்டேன். நீங்கள் இரண்டு காதையும் பொத்திக்கொண்டு வீட்டை விட்டு ஓடினீர்கள். துணி தரையில் விழுந்து கிடந்தது. ஜோசியர் சொன்னது, ஜாதகம் சரியில்லை என்று அம்மா ஏதோ சொன்னாள். எனக்குப் புரிந்ததெல்லாம், இவருக்கு நான் வேண்டாம் என்பதுதான். அந்த நினைப்பு இன்னும் முழுதாகப் போகவில்லை, மாமா.

கல்யாணத்தில் பெண் தன் அப்பா அம்மா தலைக்கு மேல் குடை பிடிக்கிற சடங்கு வரும். அப்பாவின் இடத்தில் நீங்கள் உட்கார வேண்டும். பெரியப்பாவை உட்காரச் சொல்லியிருக்கிறீர்களாமே? நான் அவர் தலைக்குக் குடை பிடிக்கமாட்டேன். அவர் தலையைவிடத் தொப்பி பெரியது, குடையும் வேண்டியதில்லை.

மொலிகா


கம்போட்,
பிப்ரவரி 19

மொலிகா,

உன் கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டே நாலைந்து நாள் வண்டி ஓட்டினேன்.

நீ எனக்கு என்றைக்கும் வேண்டாதவளாக இருந்ததில்லை. முதலில் அதை எழுதிவிடுகிறேன்.

உனக்கு முன்னால் ஓர் அண்ணன் இருந்தான். அப்போது நான் உப்பளத்தில் கூலி. உப்பு வாரிக்கொண்டிருப்பேன், அவன் வரப்பில் அம்மணமாக நின்றுகொண்டு "பா, பா" என்று கத்துவான். அவனுக்கு அந்த ஒரு வார்த்தைதான் தெரியும். அம்மாவைக்கூட அப்படித்தான் கூப்பிடுவான். மழைக்காலத்தில் காய்ச்சல் வந்து போய்விட்டான். பிறகு உன் அக்கா. அவளும் பேச ஆரம்பித்தாள், என்னைக் கூப்பிட ஆரம்பித்தாள், போய்விட்டாள். சந்தைக்குப் பக்கத்தில் ஒரு சீன ஜோசியர் இருந்தார். அவர் என் கையைப் பார்த்துவிட்டுச் சொன்னார், "உன்னை அப்பான்னு கூப்பிடற பிள்ளை உன்கிட்ட தங்காது. அடுத்து ஒண்ணு பிறந்தா, நீ யாரோ அது யாரோன்னு பேய்ங்க நம்பற மாதிரி இருந்துக்கோ."

நீ பிறந்தாய். நீயும் முதலில் "பா" என்றுதான் வாயைத் திறந்தாய். நான் எழுந்து தெருவுக்கு ஓடினேன். உன் அம்மா உன் வாயில் வாழைப்பழத்தைத் திணித்தாள். அதற்குப் பிறகு "மாமா சொல்லு, மாமா சொல்லு" என்று சொல்லிச் சொல்லிப் பழக்கினோம். நீ முதல்முதலாக மாமா என்றபோது உன் அம்மா அழுதாள். நான் சந்தோஷமாக இருந்தேன், சத்தியமாகச் சொல்கிறேன்.

காய்ச்சலில் நீ கூப்பிட்டதும் காதைப் பொத்திக்கொண்டு ஓடினேன். என் காதில் விழாவிட்டால் அது கூப்பிட்டதாகாது என்று நினைத்தேன். நீ பிழைத்துக்கொண்டாய். ஆகவே செய்தது சரி என்றுதான் இன்றும் நினைக்கிறேன். தரையில் விழுந்த துணியைப் பற்றி எனக்குத் தெரியாது. அதை நீ சொல்லித்தான் கேட்கிறேன்.

எனக்கே இதில் முழு நம்பிக்கை இருக்கிறதா என்று கேட்டால், தெரியாது. பிரேக் பிடிக்குமா பிடிக்காதா என்று சந்தேகமிருந்தால், அதை போக்கோர் மலை இறக்கத்தில் போய்ப் பரீட்சை பார்ப்பேனா? அப்பாவின் இடத்தில் உட்கார்ந்தால் சடங்கு நடத்தும் ஆசாரியார் எல்லோர் முன்னாலும் என்னை அப்படித்தான் சொல்லுவார். நீயும் அழுகிற வேகத்தில் சொல்லிவிடுவாய். இத்தனை வருஷம் காப்பாற்றியதைக் கல்யாணத்தன்று கொண்டுபோய்க் கொட்டமாட்டேன். பெரியப்பா உட்காரட்டும். தொப்பியைக் கழற்றச் சொல்கிறேன்.

மாமா


(உறையின் மேல்: உள்ளே இருக்கும் முதல் வார்த்தையை மட்டும் வாய்விட்டுப் படிக்க வேண்டாம். மற்றதை எப்படி வேண்டுமானாலும் படிக்கலாம்.)

புனோம் பென்,
பிப்ரவரி 24

அப்பா,

பயப்படாதீர்கள். நான் இதைச் சொல்லவில்லை, எழுதியிருக்கிறேன். எழுதும்போது உதட்டைக்கூட அசைக்கவில்லை.

உங்கள் கடிதத்தை ஆபீஸ் மாடிப்படியில் உட்கார்ந்து படித்தேன். அண்ணனையும் அக்காவையும் நினைத்து அழுதேன். அந்த வாழைப்பழத்தை நினைத்துச் சிரித்தேன். கீழே போனவர்கள் எனக்கு வேலை போய்விட்டது என்று நினைத்திருப்பார்கள். எத்தனையோ வருஷமாக நீங்கள் என்னை விட்டு ஓடினீர்கள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். என்னைத் தூக்கிக்கொண்டுதான் ஓடியிருக்கிறீர்கள்.

ஒன்றை யோசித்துப் பாருங்கள். பேய்களுக்குக் காது உண்டு என்று எல்லோரும் சொல்கிறார்கள். படிக்கத் தெரியும் என்று யாராவது சொல்லியிருக்கிறார்களா? எந்தப் பேய் பள்ளிக்கூடம் போயிற்று? நம் எழுத்துக்குக் காலும் கொம்பும் போட்டுப் படிப்பதற்குள் மனிதப் பிள்ளைகளுக்கே மூச்சு முட்டுகிறது. காகிதத்தில் இருப்பது கூப்பிட்டதாகாது. நீங்கள் காதால் கேட்டதாகவும் ஆகாது. ஆனால் உங்களிடம் வந்து சேர்ந்துவிடும்.

இனிமேல் போனில், வீட்டில், வண்டியில் எல்லாம் மாமாதான். காகிதத்தில் மட்டும் இது. கல்யாணத்தன்று நான் வாயே திறக்கமாட்டேன். ஆசாரியாரிடமும் பேசிவிட்டேன், 'பெண்ணைப் பெற்றவர்' என்று சொல்ல மட்டும் ஒப்புக்கொண்டார். நீங்கள் வந்து உட்கார்ந்தால் போதும்.

உங்கள் மகள்
மொலிகா


கம்போட்,
மார்ச் 2

மொலிகா,

நீ பெரிய படிப்புப் படித்தவள், ஆனால் ஒன்றை மறந்துவிட்டாய். எனக்கு வாய்விட்டுத்தான் படிக்க வரும். விகாரையில் பிக்கு அப்படித்தான் சொல்லிக் கொடுத்தார், சத்தம் நின்றால் பிரம்பு விழும். வாயை மூடினால் எனக்கு எழுத்து ஓடாது. உறையின் மேல் எழுதினாயே, பிழைத்தேன். உள்ளே பிரித்து முதல் வார்த்தையின் மேல் கட்டைவிரலை வைத்துக்கொண்டு மற்றதைப் படித்தேன். முடித்த பிறகு விரலை எடுத்தேன்.

பூண்டு உரித்துக்கொண்டிருந்த உன் அம்மா என் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்ன ஆச்சு? யாருக்கு என்ன?" என்றாள். வாயைத் திறக்க பயமாக இருந்தது. காகிதத்தைத் திருப்பிக் காட்டினேன். அவள் பார்த்துவிட்டு உள்ளே போய்ப் பாத்திரத்தை உருட்ட ஆரம்பித்தாள். அவள் அழுகிற விதம் உனக்குத் தெரியும்.

விகாரையில் பெரியவர் ஒருவரிடம் மெதுவாகக் கேட்டேன், "பேய்க்குப் படிக்கத் தெரியுமாங்க?" அவர், "எனக்கே இப்ப கண்ணு தெரியல, பேயைப் பத்திக் கேக்கறியே?" என்றார். அதை ஆம் என்று எடுத்துக்கொள்வதா, இல்லை என்றா?

உட்காருவேன் என்று வாக்குக் கொடுக்க முடியவில்லை. வீட்டுப் பக்கமாகத்தான் இருப்பேன்.

கீழே என்ன போட்டுக் கையெழுத்திடுவது என்று தெரியவில்லை. இந்தத் தடவை ஒன்றும் போடவில்லை.


புனோம் பென்,
மார்ச் 20

அப்பா,

(கட்டைவிரல்!)

கல்யாணம் முடிந்து இந்த வீட்டுக்கு வந்து எழுதும் முதல் கடிதம். அத்தை பக்கத்தில் உட்கார்ந்து பாக்கு வெட்டுகிறார். நான் யாருக்கு எழுதுகிறேன் என்று கேட்டார். "மாமாவுக்கு" என்றேன். "அந்தக் கள்ளு குடிக்கிறவருக்கா?" என்றார்.

குடைச் சடங்குக்கு ஆசாரியார் கூப்பிட்டபோது நாற்காலியில் பெரியப்பா உட்கார்ந்திருந்தார். அம்மா பக்கத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தாள். நான் குடையைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றேன். விரித்தால் பெரியப்பாவுக்குக் குடை பிடித்ததாகிவிடும். பாட்டுக்காரர்கள் பாடியதையே திரும்பப் பாடினார்கள். எத்தனை நேரம் என்று தெரியாது. பிறகு கூட்டம் விலகியது. நீங்கள் வந்தீர்கள். பட்டுச் சட்டைக்குக் கீழே கையில் கருப்பு மசகு. அன்றைக்கும் வண்டிக்கு அடியில் படுத்திருந்தீர்களா? பெரியப்பா ஒரு வார்த்தை கேட்காமல் எழுந்தார். நான் அவரைக் கிண்டல் செய்ததெல்லாம் தப்பு, அவர் நல்லவர்.

குடையை விரித்துப் பிடித்தேன். சொன்னபடி வாயை இறுக்கி மூடிக்கொண்டேன். தாடை இன்னும் வலிக்கிறது. நீங்கள் கண்ணை மூடியிருந்தீர்கள். நீங்கள் பயந்ததைப் பார்த்தேன். பயந்துகொண்டே எழுந்து போகாமல் உட்கார்ந்திருந்ததையும் பார்த்தேன். அதற்குமேல் எனக்கு ஒன்றும் வேண்டியதில்லை.

விருந்தில் யாரும் கூப்பிடாமலே எங்கள் மேசைக்கு வந்து, அத்தைக்கும் விரக்குக்கும் நடுவில் நாற்காலியை இழுத்துப் போட்டு, என் நண்டை உடைத்துக் கொடுத்துவிட்டுப் போனீர்களே. முழுதும் சாப்பிட்டேன்.

நான் நன்றாக இருக்கிறேன். காய்ச்சல் இல்லை, இருமல் இல்லை. தினமும் போனில் விசாரிக்கிறீர்கள் என்பதால் எழுத்திலும் எழுதிவிடுகிறேன்.

மொலிகா


கம்போட்,
ஏப்ரல் 3

மகளே,

இதை நீயும் வாய்விட்டுப் படிக்காதே. எச்சரிக்கையாக இருப்பதில் நஷ்டமில்லை.

சைலன்சர் மாற்றிவிட்டேன். வெயில் கொளுத்துகிறது, உப்பு நன்றாக விளைகிறது, வண்டிக்கும் ஓய்வில்லை. நேற்று ஒரு வெளிநாட்டுக் கணவன் மனைவி, வயதானவர்கள். எப்போதும் போகும் வழிதான். உப்பளத்தில் இறங்கினோம். வாரிக் குவித்த உப்பைப் பார்த்துக்கொண்டு நிற்கும்போது எல்லோரும் கேட்கும் கேள்வியை அந்த அம்மாளும் கேட்டார், உங்களுக்குப் பிள்ளைகள் உண்டா என்று. உன்னிடம் இதைச் சொன்னதில்லை. வண்டி ஓட்ட ஆரம்பித்த நாளிலிருந்து இந்தக் கேள்விக்கு நான் இல்லை என்றுதான் தலையாட்டுவேன். அதுவும் அந்த வரப்பில் நின்றுகொண்டு வேறு எதுவும் சொல்ல எனக்கு தைரியம் வந்ததில்லை. பாவம் என்று சிலர் கூடுதலாகக் காசு கொடுப்பார்கள். அதைச் செலவழிக்கப் பிடிக்காமல் விகாரை உண்டியலில் போட்டுவிடுவேன்.

நேற்றும் தலையாட்டத்தான் போனேன். கழுத்து ஆடவில்லை. வண்டிக்குப் போய், முன்கண்ணாடிக்கு மேலே செருகி வைத்திருந்த உன் கடிதத்தை எடுத்துவந்து பிரித்துக் காட்டினேன். அவருக்கு நம் எழுத்து தெரியாது. காகிதத்தை முன்னும் பின்னும் பார்த்துவிட்டு, முதல் வார்த்தையின் மேல் விரலை வைத்து, இது என்ன என்று கேட்டார்.

நான் வாயைத் திறக்கவில்லை. என் நெஞ்சில் விரலை வைத்துக் காட்டினேன்.

அப்பா